வயலின் மேல் ஒரு துணிக் கிளிப்பு

நவம்பர் பதினான்காம் தேதி, வெள்ளிக்கிழமை, காலை எட்டு மணி பத்து நிமிடம். வானம் மூடிக்கிடந்தது, காற்று இல்லை. கொல்லையில் நான் வைத்திருக்கும் மழைமானியில் முந்தின இரவின் மழை பதினொரு மில்லிமீட்டர். அந்த நேரத்தில்தான் கோலசிலாங்கூரில் எங்கள் வீட்டு வாசலில் இரண்டு வேன்களும் ஒரு லோரியும் வந்து நின்றன. பதினான்கு பேர் இறங்கினார்கள். வீட்டில் கழிவறை ஒன்றுதான் என்று நான் முன்பே தொலைபேசியில் சொல்லியிருந்தேன்.

மழைமானியைப் பார்த்துச் சிரிப்பவர்கள் உண்டு. முப்பத்து நான்கு ஆண்டுகள் நீர்ப்பாசன இலாகாவில் குமாஸ்தாவாக இருந்தவன் நான். சுங்கை புரோங் வயல்களுக்குப் போகும் வாய்க்கால்களின் நீர்மட்டத்தையும் மழையையும் நாள்தோறும் எழுதி வைப்பது என் வேலை. ஓய்வு பெற்றதும் வாய்க்காலை விட்டுவிட்டேன். மழையை விட முடியவில்லை.

வந்தவர்கள் சினிமா எடுப்பவர்கள். பழைய சாமான்கள் உள்ள, பெயிண்ட் மங்கிய ஒரு தமிழ் வீடு மூன்று நாளைக்கு வேண்டுமாம். கூடத்தின் படத்தை யாரோ அவர்களுக்கு அனுப்பியிருக்கிறார்கள். தொலைபேசியை முதலில் எடுத்தது என் தங்கை. என்னைக் கேட்காமலே சரி என்று சொல்லிவிட்டு, பிறகுதான் ரிசீவரை என்னிடம் நீட்டினாள். தங்கைக்கு அறுபத்து நான்கு வயது. கல்யாணம் செய்துகொள்ளவில்லை. பாலர் பள்ளியில் ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள். என் மனைவி காலமான பிறகு வீட்டில் நாங்கள் இருவர்தான்.

இயக்குநர் முப்பது வயதுகூட ஆகாத பெண். நான் அவரிடம் கேட்க வேண்டியதைக் கேட்டேன்.

"கதையில கத்தி, ரத்தம் ஏதாச்சும் இருக்காம்மா?"

"அதெல்லாம் இல்ல லா, அங்கிள். மனசுக்குள்ளயே நடக்குற கதை."

"மனசுக்குள்ள நடக்குறதுக்கு எதுக்கும்மா லோரி?"

அவர் சிரித்தார். எனக்கு லோரியின் எடை கவலை. வாசலில் போட்ட சிமெண்டுக்கு வயது நான்கு மாதம்தான் ஆகியிருந்தது.

கதையை அவரே சொன்னார். நாற்பத்தைந்து வயதுப் பெண் ஒருத்தி. வயலின் சொல்லிக்கொடுக்கிறவள். அப்பாவின் கண்டிப்பில் வளர்ந்தவள், அப்பாவோடேயே இருப்பவள். தனக்கென்று வாசித்ததே இல்லை. பக்கத்து வீட்டில் யாரோ வாசிக்கும் சத்தம் சுவர் வழியாக வருகிறது. வாசிப்பவனை அவள் பார்த்ததில்லை. ஆனால் அந்தச் சத்தத்தின் மேல் பைத்தியமாகிறாள். நாளடைவில் அவன் வாசிக்காத நேரத்திலும் அவளுக்குக் கேட்கிறது. கடைசியில் தன் வயலினைத் தரையில் அடித்து உடைக்கிறாள்.

"எந்தத் தரையில?" என்று கேட்டேன்.

"உங்க கூடத்துலதான், அங்கிள். பாய் போட்டுக்குவோம்."

உடைப்பதற்கென்றே மூன்று மலிவு வயலின்கள் கொண்டுவந்திருந்தார்கள். மூன்றும் ஒரே நிறம். தங்கை அவற்றைப் பார்த்துவிட்டு அடுக்களைக்குள் போய்விட்டாள்.

அன்று முழுக்க அப்பா பாத்திரத்தின் காட்சிகளை எடுத்தார்கள். அந்த நடிகர் வேளைக்கு இரண்டு தட்டு மீகூன் சேமியா சாப்பிடுகிற, எல்லாரையும் சிரிக்க வைக்கிற மனிதர். கேமரா ஓடினால் மட்டும் மகளைப் பார்த்துக் கூரை அதிரக் கத்துவார். எங்கள் அப்பாவும் கண்டிப்பானவர்தான். தஞ்சோங் காராங் பக்கத்தில் ஒரு தோட்டத்தில் பெரிய கிராணி, அதாவது தலைமைக் குமாஸ்தா. ஆனால் அவர் கத்தி நான் கேட்டதில்லை. எழுதிக்கொண்டிருக்கும் பேனாவுக்கு மூடி போடுவார். வீடு அடங்கிவிடும். இதை இயக்குநரிடம் சொன்னேன். "சூப்பர், அங்கிள்" என்றார். பிறகு அந்த நடிகரை மறுபடியும் கத்தச் சொன்னார்.

மாலை ஐந்து மணிக்கு ஒலிப்பதிவு செய்கிற இளைஞர் கையைத் தூக்கினார். வார நாட்களில் ரவாங்கில் ஒரு தொழிற்சாலையில் வேலை, சனி ஞாயிறில் இந்த வேலை. இந்த வெள்ளிக்கு விடுப்பு எடுத்திருந்தார். காதில் பெரிய ஹெட்போன்.

"நிறுத்துங்க. சத்தம் வருது."

"என்ன சத்தம்?" என்றார் இயக்குநர்.

"கொசு மாதிரி. ஆனா கொசு சுருதியில இருக்கு."

ஐஸ் பெட்டியை அணைத்தார்கள். மின்விசிறியை அணைத்தார்கள். அவர் மைக்கைக் கையில் பிடித்துக்கொண்டு, பாம்பு தேடுகிறவர் மாதிரி சுவர் ஓரமாகவே நடந்து, பின் அறைக் கதவு முன்னால் போய் நின்றார்.

"அது என் தங்கச்சி. ஆறு மணிக்கு நின்னுடும்" என்றேன்.

"என்ன அங்கிள் செய்றாங்க உள்ள?"

"வயலின் வாசிக்குது."

பதினான்கு பேரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். வயலினைப் பற்றிப் படம் எடுக்க வந்தவர்களிடம் வீட்டில் ஒரு வயலின் இருக்கிறது என்று சொல்ல எனக்குத் தோன்றவே இல்லை. வீட்டில் ஒரு தையல் மெஷினும் இருக்கிறது. அதையும்தான் சொல்லவில்லை.

அந்தச் சத்தம் ஏன் கொசு மாதிரி இருந்தது என்பதை இங்கே சொல்லிவிட வேண்டும். தங்கைக்குப் பதினான்கு வயதில் தோட்டத்து ஆஸ்பத்திரியில் மருந்து கட்டும் டிரெசர் வயலின் சொல்லிக்கொடுத்தார். பெண் பார்க்க வருகிறவர்களுக்கு வாசித்துக் காட்டலாம் என்று அப்பா சம்மதித்தார். ஆனால் கிராணி வீட்டுப் பெண்ணின் வாத்தியம் தொழிலாளர் குடியிருக்கும் லயத்துக்கும் கேட்கக் கூடாது, துரை பங்களாவுக்கும் கேட்கக் கூடாது. வீடோ பலகை வீடு. துணி காயப்போடும் மரக் கிளிப்பு ஒன்றை எடுத்து, தந்திகளைத் தாங்கும் அந்தச் சின்னக் கட்டையில், குதிரை என்பார்களே அதில், அப்பாவே மாட்டிவிட்டார். சத்தம் அப்படியே அமுங்கிவிட்டது. மாலை ஐந்திலிருந்து ஆறு வரை, கதவையும் ஜன்னலையும் சாத்திக்கொண்டு வாசிக்கலாம்.

பெண் பார்க்க மூன்று பேர் வந்தார்கள். அப்போதும் கிளிப்பு இருந்தது. அவர்களில் ஒருவர் காதைத் தீட்டிக்கொண்டு, "சத்தமே வரலியே" என்றார்.

"பொண்ணு அடக்கம்" என்றார் அப்பா.

அப்பா போய் முப்பது வருடம் ஆகிவிட்டது. பலகைச் சுவர் போய்ச் செங்கல் சுவர் வந்தது. கிளிப்பு போகவில்லை. ஒன்று உடைந்தால் கொடியிலிருந்து இன்னொன்றை எடுத்துக்கொள்வாள். ஏன் என்று ஒருமுறை கேட்டேன். "பழகிப் போச்சு" என்றாள். வரிசை வீடு, இரண்டு பக்கமும் பொதுச் சுவர். எனக்கும் அது நிம்மதியாகவே இருந்தது.

வெள்ளிக்கிழமைக்குத் திரும்புகிறேன். இயக்குநர் கதவைத் தட்டி உள்ளே போனார். தங்கை தரையில் உட்கார்ந்து, வயலின் தலையைப் பாதத்தின் மேல் சாய்த்து, கண்ணை மூடி வாசித்துக்கொண்டிருந்தாள். இயக்குநர் அவள் விரல்களையே பார்த்துக்கொண்டு நின்றார். அவருக்கு ஒரு சங்கடம் இருந்தது. கதாநாயகி அழுவார், கண்ணாலேயே பேசுவார், ஆனால் வயலினைத் துடைப்பத்தைப் பிடிப்பது போலப் பிடிப்பார். விரல்களை மட்டும் அருகில் காட்ட வரவேண்டிய பெண் காய்ச்சலில் படுத்துவிட்டார்.

"ஆன்ட்டி, உங்க கை கிடைக்குமா?"

"கை கிடைக்கும். சத்தமும் சேந்துதான் வரும்."

அவள் அப்படிச் சொல்வாள் என்று நான் நினைக்கவில்லை. அவளும் நினைத்திருக்க மாட்டாள் என்றுதான் முகத்தைப் பார்த்தால் தோன்றியது.

சனிக்கிழமை முழுவதும் இதே பேச்சு. வானம் தெளிவு, மழை இல்லை. காலையில் கதாநாயகி இரண்டு வயலின்களை உடைத்தார். இரண்டாவதன் துண்டு ஒன்று பறந்து என் கூடத்து டைல்ஸ் ஒன்றைக் கீறியது. உடைக்கும்போது தங்கை கொல்லைப்புறம் போய்விட்டாள். மதியம் சாப்பிடும்போது இயக்குநர் அவள் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார்.

"ஆன்ட்டி, இசையெல்லாம் ஸ்டூடியோவுல முன்னாடியே எடுத்தாச்சு. ஒரு பெரிய வித்வான் வாசிச்சது."

"அப்ப அவரு கையையே கேளுங்க."

"அவரு கையில ஒரே முடி, ஆன்ட்டி."

மீகூன் நடிகர் சிரித்ததில் அவருக்குப் புரை ஏறியது. தங்கை சிரிக்கவில்லை. தட்டைக் கீழே வைத்தாள்.

"இத பாரும்மா. அம்பது வருஷமா வாசிக்கிறேன். எங்க அண்ணனுக்குக்கூட ஒழுங்கா கேட்டதில்ல. இப்ப கைய மட்டும் காட்டிட்டு, வேற ஆளு சத்தத்த மேல ஒட்டுனா அது என்ன? ஒரு தடவ என் சத்தம் வெளிய போகணும். அவ்வளவுதான்."

ஒலிப்பதிவு இளைஞர்தான் முதலில் வாய் திறந்தார். "அக்கா, எனக்குக் கேக்கணும். கிளிப்பு இல்லாம ஒரு தடவ" என்று இயக்குநரிடம் சொன்னார்.

கடைசியில் ஒரு முடிவுக்கு வந்தார்கள். ஞாயிறு மாலை ஐந்து மணிக்கு ஒரே ஒரு டேக். நன்றாக வந்தால் படத்தில் தங்கையின் வாசிப்பு. வராவிட்டால் கை மட்டும் என்றார் இயக்குநர். வராவிட்டால் கையும் கிடையாது என்றாள் தங்கை.

அன்று மாலை நான் அவளிடம் பேசிப் பார்த்தேன். "ஏம்மா, இந்த வயசுல எதுக்கு இது? அக்கம்பக்கம் என்ன நினைக்கும்?"

"அண்ணே, நீ தெனமும் மழைய அளக்குற. யாருக்காகன்னு நான் கேட்டேனா?"

ஆனால் அக்கம்பக்கத்துக் கவலை என்னுடையது, அதை அவள் எடுத்துவிட முடியாது. ஞாயிறு காலை குளித்துச் சட்டை போட்டுக்கொண்டு கிளம்பினேன். எங்கள் வரிசையில் எங்களைத் தவிர ஏழு வீடுகள். ஐந்து மணிக்குக் கொஞ்சம் சத்தம் இருக்கும், பொறுத்துக்கொள்ள வேண்டும் என்று ஒவ்வொரு வீட்டிலும் சொல்லிக்கொண்டு போனேன். ஆறு வீடுகளில் தலையாட்டினார்கள். ஒட்டிய சுவர்க்காரரான, மாக்சிக் என்று நாங்கள் கூப்பிடும் மலாய்ப் பெரியம்மா வீட்டுக்கு, பயத்தில், கடைசியாகத்தான் போனேன். பத்தொன்பது வருடமாகப் பக்கத்து வீடு. விஷயத்தைச் சொன்னதும் அவர் வாயில் கை வைத்தார். பேச்சு மலாயில் நடந்தது, நான் தமிழில் எழுதுகிறேன்.

"உங்க தங்கச்சி அந்த நேரத்துல தூங்கலையா?"

"தூக்கமா?"

"தெனமும் அஞ்சு மணிக்கு ஜன்னலெல்லாம் சாத்திடுவாங்க. ஒடம்புக்கு முடியல, படுக்குறாங்கன்னு நெனச்சேன். அஞ்சுலேர்ந்து ஆறு வரைக்கும் சத்தம் போடக் கூடாதுன்னு பேரப்பிள்ளைங்கள வீட்டுக்குள்ளயே அடைச்சு வச்சிருக்கேன். பந்தைக்கூட ஒளிச்சு வச்சிருவேன்."

எனக்குக் காது சுட்டது. வீட்டுக்கு வந்து தங்கையிடம் சொன்னேன். சொளகில் அரிசி புடைத்துக்கொண்டிருந்தவள் அப்படியே சுவரில் சாய்ந்து, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். "நான் அவங்களுக்காக அடக்கி வாசிச்சா, அவங்க எனக்காகப் புள்ளைங்கள அடக்கி வச்சிருக்காங்களா?" என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, பாதி அரிசியில், மறுபடியும் சிரித்தாள்.

மாலை நாலரைக்கு மேற்கே கடல் பக்கம் கறுத்தது. மழை வந்தால் கூரைச் சத்தத்தில் எல்லாம் கெட்டுவிடும். நான் வாசலுக்கும் கொல்லைக்குமாக நடந்துகொண்டிருந்தேன். உட்காருங்கள் என்று இரண்டு பேர் சொன்னார்கள். உட்கார்ந்தால் மழை வராதா என்று கேட்டேன்.

ஐந்து மணி. கதாநாயகியின் சேலையைப் போலவே ஒரு சேலை கட்டி, தங்கை பின் அறையில் பாய் மேல் உட்கார்ந்தாள். கேமராவில் முகம் வராது, கையும் வயலினும் மட்டும். தாளம் போட நான் கேமராவுக்குப் பின்னால், ஒரு முக்காலியில். நாங்கள் சின்ன வயதில் இருந்தபோதும் தாளம் போட்டவன் நான்தான். தட்டுகிற சத்தமும் அப்பாவுக்குப் பிடிக்காது; வாசல் பக்கம் நின்று, அவருடைய மோட்டார் சைக்கிள் வருகிறதா என்று பார்த்துக்கொண்டே தொடையில் தட்டுவேன்.

இயக்குநர் சைகை காட்டினார். தங்கை பழக்கத்தில் கிளிப்பை எடுத்துக் குதிரையில் மாட்டினாள். வில்லை வைத்து இழுத்தாள். கொசு பாடியது.

இளைஞர் ஹெட்போனைக் கழற்றாமலே மெல்லச் சொன்னார். "ஆன்ட்டி. கிளிப்பு."

அவள் கிளிப்பைப் பார்த்தாள். விரல் அதன் மேல் போனது. அங்கேயே நின்றது. கேமரா ஓடிக்கொண்டிருந்தது. யாரும் நிறுத்தச் சொல்லவில்லை. எனக்கு அந்த ஒரு டேக்கின் நினைப்பு. அது வீணாகிக்கொண்டிருந்தது.

"அண்ணே, வாசக் கதவு சாத்தியிருக்கா?"

சாத்தித்தான் இருந்தது. சத்தத்துக்காக அவர்களே எல்லாவற்றையும் சாத்தியிருந்தார்கள். நான் எழுந்தேன். முழங்கால் சொடுக்கியது, அதுகூடப் படத்தில் பதிவாகியிருக்கிறது. கூடத்துக்குப் போய் வாசல் கதவைத் திறந்தேன். இரண்டு ஜன்னல்களின் கண்ணாடிப் பட்டைகளையும் திருப்பிவிட்டேன். திரும்பி வந்து பின் அறை ஜன்னலையும் திறந்தேன். இயக்குநர் வாயைத் திறந்து என்னவோ சொல்லப் போனார், இளைஞர் அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

"தெறந்திருக்கும்மா" என்றேன்.

தங்கை கிளிப்பை எடுத்து முந்தானையில் மாட்டிக்கொண்டாள். வில்லை வைத்தாள்.

முதல் சத்தம் பயங்கரமாக இருந்தது. மரம் அறுக்கிற மாதிரி ஒரு கரகரப்பு. கேமராக்காரர் துள்ளினார். பின்னால்தான் எனக்கு விளங்கியது. அமுங்கிய தந்தியிலிருந்து தன் காதுக்காவது கேட்க வேண்டும் என்று ஐம்பது வருடம் வில்லை அழுத்தியே வாசித்த கை அது. தங்கையே திடுக்கிட்டுப் போனாள். தோள் குலுங்கியது. கெட்டது காரியம், அழுகிறாள் என்று நினைத்தேன். அவள் சிரித்துக்கொண்டிருந்தாள். சிரிப்பு அடங்கியதும், வெந்நீரில் விரல் வைத்துப் பார்க்கிற மாதிரி வில்லைத் தந்தியில் தொட்டுப் பார்த்தாள். கொஞ்சம் இழுத்தாள். இன்னும் கொஞ்சம். மோகன ராகம் வந்தது.

அவள் என்ன வாசிக்கிறாள் என்பது எனக்குத் தெரியும். அந்த வர்ணத்தை ஐம்பது வருடமாகக் கதவுக்கு இந்தப் பக்கம் இருந்து கேட்டிருக்கிறேன். ஆனால் அதில் இவ்வளவு இருக்கிறது என்று தெரியாது. அழுத்துகிற இடத்தில் அறையே நிரம்பியது, விட்ட இடத்தில் ஜன்னல் வழியே வெளியே போனது. நான் தாளத்தைக் கெடுக்காமல் போட்டுக்கொண்டிருந்தேன். வேறு எதுவும் எனக்கு வராது.

வர்ணம் முடிந்ததும் தெரிந்ததையெல்லாம் வாசித்தாள், ஆறு மணியில் நிறுத்தவில்லை. சுவர்க்கடிகாரத்தைப் பார்த்துவிட்டு வாசித்தாள். ஆறு இருபதுக்கு வில்லைத் தூக்கினாள். கேமராவின் கார்டு அதற்கு எட்டு நிமிடம் முன்னாலேயே நிறைந்துவிட்டதாம், யாருமே கவனிக்கவில்லை. ஒலி மட்டும் முழுதாகப் பதிவாகியிருந்தது. ஜன்னலுக்கு வெளியே மாக்சிக் தன் மூன்று பேரப்பிள்ளைகளோடு நின்றுகொண்டிருந்தார். பிள்ளைகள் வாயில் விரல் வைத்திருந்தார்கள். பாவம், அவர்களுக்கும் பழகிப் போயிருந்தது.

மழை ஏழு மணிக்குத்தான் வந்தது. இருபத்தாறு மில்லிமீட்டர்.

இயக்குநர் தங்கையின் முன்னால் தரையில் வந்து உட்கார்ந்தார். பிறகு, "உங்க சத்தம்தான், ஆன்ட்டி. மொத்தமும்" என்றார்.

"அந்த மொத வில்ல வெட்டிருங்க."

"அத வெட்டுனா நான் இந்தப் படமே எடுக்கல, ஆன்ட்டி."

இந்த மார்ச் மாதம் கோலாலம்பூரில் ஒரு சின்ன அரங்கில் படம் காட்டினார்கள். எண்பது இருக்கைகள், ஒன்பது காலி. படத்தில் இப்போது அந்தப் பெண் வயலினை உடைப்பதில்லை. கிளிப்பின் மேல் ஒரு கை தயங்கி நிற்கிறது. யாரோ ஒரு கிழவர் எழுந்து போகும் சத்தம், முழங்கால் சொடுக்கு, கதவு திறக்கும் சத்தம். பிறகு கை கிளிப்பை எடுக்கிறது. அந்தக் கரகரப்பு அரங்கத்தில் வந்தபோது எனக்கு முன் வரிசையில் இருந்தவர் காதைப் பொத்தினார். வர்ணம் தொடங்கியதும் கையை எடுத்துவிட்டார். கடைசியில் பெயர்கள் ஓடியபோது தங்கையின் பெயர் தனியாக, ஒரு வரியில் வந்தது. அவள் கண்ணாடியைக் கொண்டுவர மறந்திருந்தாள். நான் படித்துச் சொன்னேன். "எழுத்து சரியா போட்டிருக்காங்களா?" என்று கேட்டாள். சரியாகத்தான் போட்டிருந்தார்கள்.

திரும்பும் வழியில் சாப்பிட உட்கார்ந்தபோது, "மூணாவது வயலின் தப்பிச்சிருச்சு, அண்ணே" என்றாள். அவளுக்கு அதில்தான் திருப்தி.

இப்போது மாலை ஐந்து மணிக்கு எங்கள் வீட்டில் எல்லா ஜன்னலும் திறந்திருக்கும். அவள் வாசிப்பாள். மாக்சிக்கின் பேரப்பிள்ளைகளுக்கும் விடுதலை, அதே நேரத்தில் பந்தைச் சுவரில் அடிப்பார்கள். தாளத்தில் அடிக்கக் கூடாதா என்று நான் வாசலில் நின்று கத்துவேன். தங்கைக்கு அது கேட்பதில்லை. மக்ரிப் தொழுகை அழைப்புக்கு முன்னால் நிறுத்திவிடுவாள், அவ்வளவுதான் கணக்கு. எனக்குத்தான் அந்த நேரத்தில் பத்திரிகை படிக்க முடிவதில்லை.

செலவையும் சொல்லிவிடுகிறேன். மூன்று நாள் வாடகையாக நானூற்று ஐம்பது மலேசிய வெள்ளி கொடுத்தார்கள். அவர்களுடைய விளக்குகள் தின்ற கரண்டும் கீறிய டைல்ஸும் அதில் போயின. படத்துக்குப் போன பெட்ரோல், டோல், சாப்பாடு போயின. ஏழு வீட்டுக்கும் கொடுத்த லட்டு போயிற்று. இனிமேல் நன்றாகக் கேட்க வேண்டும் என்று தங்கை புதுத் தந்திகள் கேட்டாள், வில்லுக்குப் புது முடியும் கேட்டாள். அவைதான் பெரிய செலவு. இவ்வளவுக்கும் பிறகு, இயக்குநர் அந்தக் கிளிப்பை ஞாபகத்துக்கு என்று கேட்டு வாங்கிக்கொண்டு போய்விட்டார். கொடியில் ஒன்று குறைந்தது. என் பனியன் ஒற்றைக் கிளிப்பில் சாய்ந்து தொங்குவதை நான்கு நாள் பார்த்துவிட்டு, கடைக்குப் போய் ஒரு பாக்கெட் வாங்கி வந்தேன். வாடகையைக் கழித்தால், என் கையிலிருந்து போனது பதினொரு வெள்ளி முப்பது காசு.